ஒட்டுகிறவனுக்கு வாய் கிடையாது

மாவட்டக் கூடைப்பந்துப் போட்டிக்கு இந்த வருஷம் மலர் போடுகிறார்களாம். அதற்கு என்னிடம் ஒரு கட்டுரை வாங்கிவிட வேண்டும் என்று உடற்கல்வி ஆசிரியை விமலா திண்டுக்கல்லிலிருந்து பஸ் ஏறி, ஒட்டன்சத்திரத்தில் நான் வேலை பார்க்கும் காய்கறி மண்டிக்கே வந்துவிட்டார். கேரளா லாரிக்கு முருங்கைக்காய்க் கட்டு ஏறிக்கொண்டிருந்த நேரம். எடை மேடைக்குப் பக்கத்தில் ஒரு தக்காளிப் பெட்டியைக் கவிழ்த்துப் போட்டு உட்காரச் சொன்னேன்.

“அண்ணே, நம்ம மாவட்டத்துலயிருந்து வெளிநாடு போயி சம்பளத்துக்கு ஆடுன ஒரே ஆளு நீங்கதான். நாலு பக்கம் எழுதுங்க போதும். கடைசில பிள்ளைகளுக்கு ஒரு உற்சாகம் வர்ற மாதிரி முடிச்சிருங்க.”

“உற்சாகமா? ஏம்மா, என்னையப் பாத்தா உற்சாகமாவா இருக்கு?”

“சும்மா எழுதுங்கண்ணே. எந்த நாட்டுச் சாப்பாடு நல்லா இருந்துச்சு, எம்புட்டுப் பேரு கையெழுத்துக் கேட்டாங்க, அந்த மாதிரி.”

கையெழுத்து யாரும் கேட்டதில்லை. டியூப்லைட் மாட்டித் தரச் சொல்லிக் கேட்டிருக்கிறார்கள், ஐந்து நாடுகளில். ஆறடி நாலு அங்குலம் வளர்ந்தவனுக்கு உலகம் முழுக்க அதுதான் மரியாதை.

ஒரே ஆள் என்று டீச்சர் சொன்னதும் சரியில்லை. இன்னொருவன் உண்டு. வத்தலக்குண்டு தினகரன். பன்னிரண்டு நாள்தான் வெளிநாட்டில் இருந்தான், அதனால் அவனை யாரும் கணக்கில் சேர்ப்பதில்லை. அவன் கால் எப்படிப் போனது என்பது போன மாதம் வரை எனக்கு மட்டும்தான் முழுசாகத் தெரியும். எனக்கு நாற்பத்து மூன்று வயதாகிறது. முட்டி இரண்டும் தேய்ந்துவிட்டன. மூடி மறைத்துக்கொண்டு திரிய இனித் தெம்பில்லை. மலரில் போட்டால் போடட்டும், போடாவிட்டால் போகட்டும்.

பயிற்சிக் காலத்தைச் சீக்கிரம் சொல்லி முடித்துவிடுகிறேன். அப்பா கிராமத்துக் கத்தோலிக்கப் பள்ளியில் ஆசிரியர். என்னைத் திண்டுக்கல்லில் மிஷன் பள்ளியில் சேர்த்தார். ஒன்பதாம் வகுப்பில் ஒரே வருஷத்தில் அரையடி வளர்ந்தேன், பி.டி. மாஸ்டர் பிடித்துச் சிமெண்டுத் தரையில் நிறுத்தினார். முழங்கால் தோல் உரிந்து உரிந்து அங்கே மயிரே முளைக்கவில்லை. மதுரைக் கல்லூரியில் விளையாட்டுக்காக இடம் கிடைத்தது. மாநில அணியில் மூன்று வருஷம், பெரும்பாலும் பெஞ்சில். விளையாட்டுக் கோட்டாவில் அரசு வேலைக்கு நாலு இடத்தில் தேர்வுக்குப் போனேன். இரண்டு பேரை எடுத்தால் நான் மூன்றாவதாக இருந்தேன், மூன்று பேரை எடுத்தால் நாலாவதாக இருந்தேன்.

“ஏலே, பந்து தட்டுறதுக்கு எவனாச்சும் சோறு போடுவானா?” என்று அப்பா கேட்டார்.

“போடுவான்ப்பா. இந்த ஊர்ல இல்ல” என்று சொல்லிவிட்டு, இருபத்தைந்து வயதில் மாலத்தீவுக்குப் போனேன்.

வெளிநாட்டு ஆட்டக்காரனுக்கு எல்லா ஊரிலும் ஒரே பெயர்தான். இம்போர்ட். பாமாயிலைச் சொல்கிற மாதிரிதான் சொல்வார்கள். ‘உங்க இம்போர்ட் எப்படி? ரீபவுண்ட் எடுப்பானா?’ பதினோரு வருஷம் அப்படி ஓடியது. மாலத்தீவில் இரண்டு கிளப், டாக்காவில் ஒரு துணி ஆலை அணி, கொழும்பு, மலேசியாவில் ஈப்போ, குவைத்தில் வெள்ளிக்கிழமை மட்டும் ஆடுகிற ஓர் அணி, கடைசியில் மறுபடியும் மாலத்தீவு. கேட்பதற்குப் பெரிதாக இருக்கும். நான் பார்த்தது என்னவோ ஓர் அறை, ஒரு ஹால், இரண்டுக்கும் நடுவில் ஒரு தெரு. தெருக்கள்தான் மாறின.

ஒப்பந்தம் ஒரு சீசனுக்கு என்று தாளில் இருக்கும். ஆனால் எந்த வாரமும் அனுப்பிவிடலாம். ‘உன்னை நிறுத்திவிட்டோம்’ என்று ஒரு மேனேஜரும் வாயால் சொன்னதில்லை. “பாஸ்போர்ட்டைக் கொஞ்சம் கொடு, காப்பி எடுக்கணும்” என்பார்கள். காப்பி அவர்களிடம் முதல் நாளே இருக்கிறது. இரண்டாவது தடவை கேட்டால் டிக்கெட் போடப்போகிறார்கள் என்று அர்த்தம். டாக்காவில் காலையில் கேட்டார்கள், சாயங்காலம் விமான நிலையத்தில் நின்றேன். துணிகூடச் சரியாகக் காயவில்லை, ஈரத்தோடு மடித்து வைத்தேன்.

அதனால் இம்போர்ட்டாக இருப்பவன் உடம்பில் வலி இருக்கக் கூடாது. இருந்தாலும் யாருக்கும் தெரியக் கூடாது. நாங்கள் ஆடிய கிளப்புகளில் பிசியோ கிடையாது. இப்போது எல்லாரும் வைத்திருக்கிறார்கள், கையில் ஒரு மெஷினை வைத்துக்கொண்டு உருட்டுகிறார்கள், செல்போனில் பார்த்தேன். எங்கள் காலத்தில் ஒருவர் காலுக்கு இன்னொருவர்தான் டேப் ஒட்டிவிட வேண்டும்.

அதை எப்படி ஒட்டுவது என்று சொல்கிறேன், பிள்ளைகளுக்கு உபயோகமாக இருப்பது இந்தக் கட்டுரையில் இது ஒன்றுதான். ஆள் மேசையில் உட்கார்ந்து காலை வெளியே நீட்ட வேண்டும். சுவரை மிதித்த மாதிரி பாதம் நேராக நிற்க வேண்டும், தொங்கினால் அத்தனையும் வீண். கால் மழித்து, வியர்வை துடைத்து, காய்ந்திருக்க வேண்டும். முதலில் மெல்லிய அடிப்பட்டை ஒரு சுற்று. கணுவுக்கு நாலு விரற்கடை மேலே டேப்பில் இரண்டு வளையம். அந்த வளையத்தில் தொடங்கி, உள்பக்கமாக இறங்கி, குதிகாலுக்கு அடியில் புகுந்து, வெளிப்பக்கமாக ஏறி, மறுபடி வளையத்திலேயே முடிய வேண்டும். அப்படி மூன்று தடவை, ஒவ்வொன்றும் முந்தியதில் பாதியை மறைத்துக்கொண்டு. அப்புறம் குதிகாலை இரண்டு பக்கமும் பூட்ட வேண்டும். கடைசியில் மேலேயிருந்து கீழே மூடிக்கொண்டு வர வேண்டும். கத்தரிக்கோல் ஆகாது, கையால்தான் கிழிக்க வேண்டும். ஒரே ஒரு சுருக்கம் விழுந்தாலும் பாதி ஆட்டத்தில் கொப்புளம் வந்துவிடும். முடிந்ததும் இரண்டு உள்ளங்கையாலும் அந்தக் காலைப் பொத்திப் பிடித்துக்கொண்டு செத்த நேரம் இருக்க வேண்டும், சூட்டில்தான் பசை பிடிக்கும். அப்படிப் பிடிக்கும்போது அந்தக் காலில் என்னென்ன உண்டு என்று கைக்குத் தெரிந்துவிடும். வீக்கம், சூடு, எங்கே தொட்டால் ஆள் மூச்சைப் பிடிக்கிறான், எல்லாம்.

இதை எனக்குக் காட்டிக் கொடுத்தவர் டாக்காவில் என்னோடு ஆடிய நைஜீரியாக்காரர் இம்மானுவேல். கூடவே ஒரு சட்டமும் சொன்னார். “ஒட்டுகிறவனுக்குக் கை உண்டு, வாய் கிடையாது.” கையில் தெரிந்ததைக் கோச்சிடமோ மேனேஜரிடமோ சொல்லக் கூடாது. அடுத்தவன் உடம்பைப் பற்றி நீ வாயைத் திறந்தால் அவனுக்கு டிக்கெட். நாளைக்கு உன் காலும் அவன் கையில். இது எங்கேயும் எழுதி வைத்தது இல்லை. ஆனாலும் நான் பார்த்த ஒரு இம்போர்ட்டும் இதை மீறியதில்லை.

கடைசி மாலத்தீவு கிளப்புக்கு நான் போனபோது வயது முப்பத்து நாலு. கோச் பிலிப்பைன்ஸ்காரர், ரேமன் என்று பெயர். குட்டையான மனிதர், சட்டைப் பையில் எப்போதும் ஒரு சின்ன நோட்டு. கத்த மாட்டார். தோற்றாலும் கத்த மாட்டார், அதுதான் கஷ்டம். ஆட்டத்துக்கு முன்னால் உடை மாற்றும் அறையில் வரிசையாக ஒவ்வொருவர் முன்னாலும் குனிந்து, முழங்காலில் இரண்டு விரலை வைத்து, “யெஸ் ஆர் நோ?” என்று கேட்பார். உடம்பு சரியாக இருக்கிறதா என்பதுதான் கேள்வி. யெஸ் என்றால் நோட்டில் எழுதிக்கொள்வார். ‘யெஸ், ஆனால்’ என்று ஆரம்பித்தால் கேட்க மாட்டார். ஒரு வார்த்தைதான் வேண்டும். நான் பதினேழு வாரமும் யெஸ் என்றேன். ராத்திரி முட்டியில் ஐஸ் கட்டியைப் பிளாஸ்டிக் பையில் போட்டுக் கட்டிக்கொண்டு படுத்தவன் காலையில் யெஸ் என்றேன்.

அவருக்குக் கண் இருந்ததே. பதினெட்டாவது வாரம் மேனேஜர் வந்து, “அமல், பாஸ்போர்ட் காப்பி வேணும்” என்றார்.

இரண்டு நாள் கழித்துப் புது இம்போர்ட் வந்தான். அறைக் கதவைத் தட்டினான், திறந்தேன். என் உயரம், என்னைவிட ஏழு வயது சின்னவன், தோளில் பை.

“அண்ணே, திண்டுக்கல்லா நீங்க? நான் வத்தலக்குண்டுண்ணே! தினகரன். ஸ்கூல்ல படிக்கையில ஒங்க ஆட்டத்த பாத்திருக்கேன்” என்றான்.

எப்படி இருந்திருக்கும் எனக்கு? உலகத்தில் எத்தனை ஊர் இருக்கிறது, என் இடத்துக்கு ஆள் எடுக்க வத்தலக்குண்டுதானா கிடைத்தது இவர்களுக்கு? ஆனால் அவன் பையைத் திறந்து பருப்புப்பொடியையும் மோர்மிளகாயையும் எடுத்து வைத்தபோது கோபம் நிற்கவில்லை. தினமும் சூரைமீன் குழம்பே வெஞ்சனமாகத் தின்று நாக்கு செத்துக் கிடந்த எனக்கு அது விருந்து.

எனக்கு உடனே டிக்கெட் போடவில்லை, இரண்டு பேரையும் பதினைந்து நாள் வைத்துப் பார்ப்பது என்று கிளப் முடிவு செய்தது. அணிப் பட்டியலில் இரண்டு இம்போர்ட் பெயர் இருக்கலாம், ஆடும்போது தரையில் ஒருவர்தான் நிற்கலாம். பதினைந்து நாள் முடிந்ததும் ஒருவர் ஊருக்குப் போக வேண்டும். இது இரண்டு பேருக்கும் தெரியும். தெரிந்துகொண்டே ஒரே அறையில் படுத்து, ஒரே குக்கரில் சோறு வடித்து, காலையில் ஒருவர் காலுக்கு ஒருவர் டேப் ஒட்டினோம்.

நல்ல பையன். வாய் ஓயாது. “அண்ணே, நீங்க ஓடையில முட்டி சத்தம் போடுதுண்ணே. ரெஃப்ரீ விசிலுன்னு நெனச்சு நின்னுட்டேன்” என்பான். “ஏலே, ஒனக்கும் முப்பத்து நாலு வரும்லே, அப்பப் பாப்போம்” என்பேன். ஆட்டத்தில் என்னைவிடப் பெரிய கெட்டிக்காரன் இல்லை. ஆனால் இளம் ரத்தம், குதித்தால் இறங்க மனசில்லாமல் மேலேயே நிற்பான். முதல் ஆட்டத்திலேயே கோச் அவனைத்தான் முதல் ஐந்தில் இறக்கினார். நான் பெஞ்சு. என் கதை முடிந்தது என்று அன்றைக்கே தெரிந்துவிட்டது. திரும்பிப் போனால் எனக்கு வேலை கிடையாது, ஆடுவதைத் தவிர வேறு எதுவும் தெரியாது. மகளை அப்போதுதான் பள்ளியில் சேர்த்திருந்தோம்.

ஒன்பதாவது நாள் காலை. வழக்கம்போல அவன் வலது கணுக்காலுக்கு ஒட்டி முடித்தேன்.

“அண்ணே, இடது காலுக்குப் பின்னால, குதிகாலுக்கு மேல, செத்த சேத்து ஒட்டிவிடுங்களேன்.”

பாதத்தைக் கீழே தொங்கவிடச் சொல்லி, பின்பக்கத்தைக் கையால் தடவினேன். குதிகாலிலிருந்து கெண்டைக்காலுக்கு ஏறுகிற பெரிய நரம்பு இருக்கிறதே, டாக்டர்கள் தசைநார் என்பார்கள், அதில் இரண்டு அங்குலம் மேலே சுண்டைக்காய் அளவுக்கு ஒரு முடிச்சு. தொட்டால் சுட்டது. பாதத்தை ஆட்டச் சொன்னேன். என் விரலுக்கு அடியில் அது நறநறத்தது. கொழும்பில் ஒருவருக்கு இதே இடத்தில் இதே மாதிரி பார்த்திருக்கிறேன். மூன்று வாரத்தில் அறுந்தது, அவர் அதற்கப்புறம் ஆடவே இல்லை.

“எத்தன நாளா இருக்கு இது?”

“ரெண்டு மாசமா. சும்மா சுளுக்குண்ணே.”

“சுளுக்கு இல்லடா இது. ஓடுனா அறுந்துரும்.”

அவன் என் கையைப் பிடித்துக்கொண்டான். “அண்ணே, கோச்சுகிட்ட சொல்லிராதீங்க. வத்தலக்குண்டு பஸ் ஸ்டாண்டுல ஃபிளெக்ஸ் வச்சிட்டாய்ங்கண்ணே. என் மூஞ்சியப் போட்டு, ‘சர்வதேச வீரன்’னு. பதினஞ்சே நாள்ல திரும்பி எந்த மூஞ்சிய வச்சுக்கிட்டு பஸ்ஸ விட்டு இறங்குறது? மில் வேலையையும் விட்டுட்டு வந்திருக்கேன்.”

“சொல்லல” என்றேன். “ஒட்டுறவனுக்கு வாய் கிடையாது.” பாதத்தின் அடியிலிருந்து கெண்டைக்கால் வரை மூன்று பட்டை, பாதம் மேலே மடங்காதபடி இழுத்து ஒட்டிவிட்டேன். நன்றாகத்தான் ஒட்டினேன். ஆனால் அந்த இடத்தில் டேப் எம்மாத்திரம்?

அடுத்த ஆட்டத்துக்கு இரண்டு நாள் இருந்தது. அந்த இரண்டு நாளும் என் மண்டைக்குள் ஓடியதை உள்ளது உள்ளபடி எழுதுகிறேன். முதலில், கோச்சிடம் சொல்லிவிடலாம் என்று நினைத்தேன். சொன்னால் அவன் கால் பிழைக்கும், என் இடமும் எனக்கே வரும். ஆனால் இடத்துக்காகப் போட்டுக் கொடுத்தான் என்று அத்தனை பேரும் சொல்வார்கள், அவனும் சொல்வான். சட்டத்தையும் மீறினவன் ஆவேன். பிறகு, வாக்குக் கொடுத்துவிட்டோம், சொல்ல வேண்டாம், இடம் போனால் போகிறது என்று நினைத்தேன். இந்த இரண்டும் நாலு பேரிடம் சொல்லக்கூடிய யோசனைகள். மூன்றாவதாக ஒன்று வந்தது. நான் ஒன்றுமே செய்ய வேண்டாம். ஒன்றும் சொல்லவும் வேண்டாம். இந்தக் கால் எப்படியும் இரண்டு ஆட்டம் தாங்காது. தானாக அறுந்தால் இடம் தானாக எனக்கு வரும், என்மேல் ஒரு பழியும் இருக்காது, வாக்கைக் காப்பாற்றினவன் என்ற பெயரும் மிஞ்சும்.

மூன்றாவது யோசனை வந்தபிறகு எனக்கு நன்றாகத் தூக்கம் வந்தது. 

ஆட்டத்துக்கு முந்தின நாள் அவன் கேட்டான். “கோச்சு ஒங்ககிட்ட ஏதாச்சும் கேட்டாராண்ணே?”

“இல்லையே. எதுக்கு?”

“சும்மாதான்” என்று தட்டைக் கழுவப் போய்விட்டான்.

மறுநாள் மாலை நாலு மணி ஆட்டம். அறையில் கோச் குனிந்து அவன் முழங்காலில் விரலை வைத்தார். “யெஸ் ஆர் நோ?” தினகரன் கோச்சின் தலைக்கு மேலே என்னைப் பார்த்தான். நான் மிச்ச டேப்பை உருளையில் திரும்பச் சுற்றிக்கொண்டிருந்தேன். “யெஸ்” என்றான். கோச் திரும்பி என்னையும் ஒரு தடவை பார்த்துவிட்டு நோட்டில் எழுதினார்.

மூன்றாவது கால்பகுதியில், இடது பக்கம் பந்தோடு வந்து, காலை ஊன்றி உள்ளே பாய்ந்தான். பட் என்று ஒரு சத்தம். பெஞ்சு வரைக்கும் கேட்டது. விழுந்தவன் பின்னால் திரும்பிப் பார்த்தான். பின்னால் யாருமே இல்லை.

தூக்கி வரும்போது என்னிடம், “யாருண்ணே மிதிச்சது?” என்று கேட்டான். அது அறுந்தால் அப்படித்தான் இருக்குமாம், யாரோ பின்னாலிருந்து எட்டி மிதித்த மாதிரி. “ஒருத்தனும் மிதிக்கலடா” என்றேன்.

கோச், “அமல்” என்றார். மேல்சட்டையைக் கழற்றிவிட்டு உள்ளே போனேன்.

என் வாழ்க்கையிலேயே நான் நன்றாக ஆடியது அன்றைக்குத்தான். முட்டி வலி எங்கே போனது என்று தெரியவில்லை. போட்டதெல்லாம் விழுந்தது. ஒன்றரைப் பகுதி ஆட்டத்தில் இருபத்து நாலு புள்ளி. பன்னிரண்டு பின்தங்கியிருந்த ஆட்டத்தை ஜெயித்தோம். கூட்டம் என் பெயரைச் சொல்லிக் கத்தியது. பதினோரு வருஷத்தில் அது ஒரு தடவைதான் நடந்தது. எனக்குச் சந்தோஷமாக இருந்தது. ஆமாம், அவன் சுவரோரம் ஸ்ட்ரெச்சரில் ஆம்புலன்சுக்காகக் காத்துக் கிடந்தபோது எனக்கு அங்கே சந்தோஷமாகத்தான் இருந்தது. சிரித்தேன்கூட.

ஆட்டம் முடிந்து ஆஸ்பத்திரிக்குப் போனோம். வராந்தாவில் கோச் என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார்.

“டேப் ஒட்டியது நீதானே. உனக்குத் தெரியுமா? யெஸ் ஆர் நோ?”

“நோ” என்றேன்.

நோட்டைக் கையில்தான் வைத்திருந்தார். எழுதவில்லை. பைக்குள் போட்டுக்கொண்டு எழுந்து போனார். அதற்கப்புறம் அந்தக் கிளப்பில் இரண்டு சீசன் ஆடினேன். ஒவ்வொரு ஆட்டத்துக்கும் முன்னால் எல்லாரிடமும் குனிந்து கேட்பார். என் முன்னால் வந்தால் கேட்காமல், தானே எழுதிக்கொண்டு அடுத்த ஆளிடம் போய்விடுவார். நான் சொல்கிற யெஸ்ஸுக்கு அவரிடம் மதிப்பில்லாமல் போய்விட்டது. அவர் ஒரு வார்த்தை திட்டியிருந்தால் தேவலை.

தினகரன் மாவுக்கட்டோடு சக்கர நாற்காலியில் ஊருக்குப் போனான். அவன் பையை நான்தான் அடுக்கிக் கொடுத்தேன். மதுரையில் ஆப்பரேஷன் செய்தார்கள். தைத்தது சரியாகக் கூடவில்லை. நான் ஆட்டத்தை விட்டு ஊர் திரும்பியபோது அவன் திருப்பூரில் ஏதோ குடோனில் இருக்கிறான் என்றார்கள். வத்தலக்குண்டில் விசாரித்திருக்கலாம், போன் நம்பர் வாங்கியிருக்கலாம். நான் எதுவும் செய்யவில்லை. மண்டியில் வேலை கிடைத்தது, எடை போட்டுக்கொண்டு இருந்தேன்.

போன மாதம் ஒரு நாள் காலையில் மண்டிக்காரர் கூப்பிட்டார். “ஏனுங்க அமலு, புதுசா ஒரு வண்டி வந்துருக்குதுங்க, உங்க அளவுக்கே ஒசரமா ஒரு ஆளு. பாத்து எறக்கி விடுங்க.”

சின்ன லோடு வண்டி, தக்காளி. டிரைவர் சீட்டிலிருந்து இறங்கியவன் இடது காலை இழுத்து வைத்து நடந்தான். கெண்டைக்கால் குச்சியாக இருந்தது.

“அண்ணே! இங்கிட்டா இருக்கீங்க?” என்று கையைப் பிடித்துக்கொண்டான் தினகரன். சொந்த வண்டி வாங்கிவிட்டானாம், கல்யாணமாகி ஒரு பையனாம். டீ வாங்கிக் கொடுத்தேன். வண்டியின் பின்பலகையில் சாய்ந்து நின்று குடித்தோம். என்னால் அவன் காலைப் பார்க்காமல் இருக்க முடியவில்லை.

“பாக்குறீங்களா? அது கெடக்குண்ணே, விடுங்க. கிளட்ச் மிதிக்க மட்டும் செத்த கஷ்டம்.” டீயை ஊதினான். “ஒண்ணு சொல்லவா? அன்னைக்கு நான் சொல்லாதீங்கன்னுதான் சொன்னேன். ஆனா ரெண்டு நாளும் நீங்க சொல்லித் தொலைச்சிருவீங்கன்னு பாத்துக்கிட்டே இருந்தேன். என் வாயால கோச்சுகிட்ட நோன்னு சொல்ல முடியலண்ணே. நீங்க சொல்லி என்னைய அனுப்பியிருந்தா, ஊர்ல ஒங்களத் திட்டிக்கிட்டே கால முழுசா வச்சு ஆடிக்கிட்டு இருந்திருப்பேன்.”

நான் டம்ளரைப் பின்பலகையில் வைத்தேன்.

“ஆனா நீங்க சொல்லலையே. வாக்குன்னா வாக்குதான்னு நின்னுட்டீங்க. ஒங்க இடமே போனாலும் பரவாயில்லன்னு இருந்தீங்கள்ல. அதுல எனக்கு ஒங்க மேல அம்புட்டு மரியாதைண்ணே. எம் பொண்டாட்டிகிட்டயே சொல்லியிருக்கேன், மனுசன்னா எங்க அமல் அண்ணன் மாதிரி இருக்கணும்னு.”

அங்கே நான் பேசாமல் இருந்திருக்கலாம். ஒன்பது வருஷம் பேசாமல் இருந்தவனுக்கு இன்னும் ஐந்து நிமிஷம் பெரிய விஷயமில்லை. ஆனால் அந்த மரியாதையை வாங்கி வைத்துக்கொள்ள முடியவில்லை. கூசியது.

“தினா, நான் வாக்குக்காக இருக்கலடா” என்றேன். “அது எப்படியும் அறுந்துரும்னு எனக்குத் தெரியும். அறுந்தா எடம் எனக்கு வரும்னு இருந்தேன். அதுக்குத்தான் சொல்லல.”

அவன் என்னைப் பார்த்துக்கொண்டே நின்றான். கோபம் வரும், அடித்தாலும் அடிக்கட்டும் என்று நானும் நின்றேன். கோபம் வரவில்லை. டம்ளரில் மிச்சமிருந்ததைக் கீழே ஊற்றினான்.

“அது எனக்குத் தெரியாது” என்றான். கடைப் பக்கம் திரும்பி, “தெரியாமயே இருந்திருக்கலாம்” என்றான். டம்ளரைக் கடையில் வைத்துவிட்டு, தார்ப்பாயை மடித்துப் போட்டு, வண்டியை எடுத்துக்கொண்டு போய்விட்டான்.

இனிமேல் இந்த மண்டிப் பக்கம் வர மாட்டான் என்று நினைத்தேன். அடுத்த வாரமே வந்தான், தக்காளி நாற்பது பெட்டி. ஆட்கள் இறக்கி மேடையில் வைக்கும்வரை வண்டிக்குள்ளேயே உட்கார்ந்திருந்தான். பிறகு இறங்கி, காலை இழுத்துக்கொண்டு என்னிடம் வந்து, மற்ற டிரைவர்கள் நிற்கிற தூரத்தில் நின்றான்.

“எடை போட்ருங்க சார்” என்றான்.

போட்டுக் கொடுத்தேன்.